நாணல் கரையை வரைந்தவர்

ஓரிக்கை தாவீதை நான் முதலில் பார்த்தது 1999 பிப்ரவரி 9, செவ்வாய்க்கிழமை, காலை பதினொன்றே கால் மணிக்கு. நகராட்சியில் பிறப்பு இறப்புப் பதிவேடு அப்போது என் பொறுப்பில் இருந்தது. அவருடைய மனைவி மேரி நகரத்தில் ஒரு மருத்துவமனையில் இறந்து நான்கு நாள் ஆகியிருந்தது. மருத்துவமனைச் சீட்டை நாலாக மடித்துச் சட்டைப்பையில் வைத்திருந்தார். வெள்ளைச் சட்டை, மேல் பொத்தான் வரை போட்டிருந்தார்.

விவரம் சொல்ல வருகிறவர்கள் பொதுவாக எல்லாவற்றையும் ஒரே மூச்சில் சொல்லிவிடுவார்கள். தாவீது அப்படிச் சொல்லவில்லை. ஒரு விவரத்தைச் சொல்வார், நான் எழுதி முடித்து நிமிரும் வரை காத்திருப்பார், பிறகுதான் அடுத்தது. முடிந்ததும் கேட்டார்:

“எழுதினதை ஒரு தரம் படிச்சிடுங்க சார்.”

முப்பத்தோரு வருஷ வேலையில் என்னிடம் அப்படிக் கேட்டவர்கள் மிகக் குறைவு. படித்தேன். பெயர் என்றேன்; “ம்” என்றார். வயது ஐம்பத்து மூன்று என்றேன்; “ம்” என்றார். ஒவ்வொரு கலத்துக்கும் ஒரு “ம்”. கடைசியில் கையெழுத்துப் போட்டுவிட்டுக் குடையை எடுத்துக்கொண்டு போனார். அன்று மழை இல்லை.

இனி அவரைப் பற்றி எனக்கு நிச்சயமாகத் தெரிந்ததை மட்டும் எழுதுகிறேன். பிறப்பு 1941. ஓரிக்கைக் காலனியில், பாலாற்றங்கரைக்குப் போகும் வழியில் கடைசிக்கு முந்தின வீடு. தகப்பனார் மற்றவர்கள் நிலத்தில் கூலி வேலை செய்தவர். தாவீது எட்டாம் வகுப்பு வரை மிஷன் பள்ளியில் படித்தார். பதினேழாவது வயதில் அட்டை அடிக்கக் கற்றுக்கொண்டார்.

பட்டுச் சேலையின் கரையில் மயிலும் கொடியும் விழ வேண்டுமானால் தறிக்கு மேலே இருக்கும் ஜக்கார்டு பெட்டிக்குத் துளை போட்ட அட்டைகள் வேண்டும். முதலில் ஒருவர் கட்டம் போட்ட தாளில் படத்தை வரைவார். இன்னொருவர் அந்தக் கட்டங்களைப் பார்த்து, ஒரு வரிசைக்கு ஓர் அட்டை என்று துளை போடுவார். அதைத்தான் அட்டை அடிப்பது என்பார்கள். ஒரு துளை இடம் மாறினால் போதும். ஆறு கஜம் முழுக்க அந்தத் தப்பு திரும்பத் திரும்ப வந்துகொண்டே இருக்கும்.

அதனால் அந்தத் தொழிலில் ஒரு வழக்கம் உண்டு. அடித்தவர் தன் அட்டையைத் தானே சரிபார்க்கக் கூடாது. இன்னொருவர் எதிரே உட்கார்ந்து அட்டையை வெளிச்சத்தில் பிடித்து, “ரெண்டு குத்து, மூணு விடு, ஒண்ணு குத்து” என்று படிக்க வேண்டும். அடித்தவர் தாளைப் பார்த்தபடி “ம்” சொல்ல வேண்டும். வரைந்தவருக்கும் இதே கட்டுப்பாடுதான். வரைந்த தாளை இன்னொருவர் கட்டம் கட்டமாக எண்ணிப் பார்க்க வேண்டும். பார்த்து முடித்தவர் தாளின் மூலையில் கையெழுத்துப் போடுவார். வரைந்தவர் போட மாட்டார். தப்பு இருந்தால் பதில் சொல்ல வேண்டியவர் பார்த்தவர்தான்.

தாவீதுக்கு எதிரே முப்பது வருஷம் உட்கார்ந்து படித்தவர் மேரி. கான்வென்டில் எம்பிராய்டரி வகுப்பில் கட்டம் எண்ணித் தைத்துப் பழகியவர். கல்யாணமான ஆறாவது மாதம் கட்டத் தாளை எடுத்துத் தானாகவே வரைய ஆரம்பித்தார். அவர் வரைவார், தாவீது அடிப்பார். அவர் வரைந்த தாளில் மூலையில் ‘தா’ என்று இருக்கும். தாவீது அடித்த அட்டைக் கட்டின் கடைசி அட்டையில் ‘மே’ என்று இருக்கும். அட்டைக் கட்டை நெசவாளர் தெருவுக்குத் தாவீது சைக்கிளில் கொண்டுபோவார். அட்டை வீட்டுக்குள் போகும். தாவீது வாசலில் நிற்பார். யார் வரைந்தது என்று அங்கே யாரும் கேட்டதில்லை. அவர்களுக்குப் பிள்ளைகள் இல்லை.

மேரி இறந்தபின் பக்கத்து வீட்டுக்காரரை எதிரே உட்கார வைத்துப் பார்த்திருக்கிறார். அவர் இருபதாவது அட்டையில் கொட்டாவி விட்டார், நாற்பதாவது அட்டையில் எழுந்து போய்விட்டார். அதன்பின் தாவீது தானே படித்துத் தானே “ம்” சொல்லிக்கொண்டார். அந்த வருஷம் டிசம்பரில் மூன்று சேலைகள் அன்னப்பறவைக்குக் கண் இல்லாமல் தறியிலிருந்து இறங்கின. அத்தோடு கையால் அடிப்பதை நிறுத்திவிட்டார். பிறகு கம்ப்யூட்டரில் டிசைன் போடும் ஒரு சென்டரில் ஐந்து வருஷம் சரிபார்க்கிற வேலை. அங்கேதான் தமிழில் தட்டச்சு செய்யப் பழகினார். 2005-இல் அந்த சென்டரும் அவரை அனுப்பிவிட்டது.

2006 ஆகஸ்ட் 12 சனிக்கிழமை நான் அவரை இரண்டாவது முறை பார்த்தேன். ரங்கசாமி குளத்துக்குப் பக்கத்தில் ஆதிகேசவன் என்பவர் பிரவுசிங் சென்டர் வைத்திருந்தார். ஓய்வூதியச் சுற்றறிக்கைகளைப் பார்க்க நான் அங்கே போவேன். ஐந்து கம்ப்யூட்டர்களில் மூன்றாவதில் மட்டும்தான் தமிழ் எழுத்து வரும். அதன் முன்னால் தாவீது நிமிர்ந்து உட்கார்ந்து, திரையில் இருந்ததைச் சத்தம் வராமல் வாயசைத்துப் படித்துக்கொண்டிருந்தார். ஒவ்வொரு வரி முடிந்ததும் “ம்” என்றார். அதை வைத்துத்தான் அடையாளம் கண்டேன்.

இணையத்தில் ஒரு கலைக்களஞ்சியம் இருக்கிறது, யார் வேண்டுமானாலும் எழுதலாம், யார் எழுதியதையும் யாரும் திருத்தலாம் என்று அவர்தான் எனக்குச் சொன்னார். செய்யாறு மாகறல் கிராமத்துக்கு எந்தப் பக்கம் ஓடுகிறது என்பது தப்பாக இருந்ததாம். அன்றைக்கு அதைச் சரிசெய்திருந்தார்.

“சம்பளம் உண்டா?” என்று கேட்டேன்.

“இல்ல சார். எல்லாரும் சும்மாதான் எழுதுறாங்க.”

“அப்புறம் உங்களுக்கு இதுல என்ன?”

“நான் ஒண்ணு எழுதினா, எங்கேயோ ஒருத்தரு அதைப் பாத்து சரின்னு வுடுறாரு சார். இல்லாட்டி தப்புன்னு திருத்துறாரு. எதிர்ல ஆள் இருக்குது.”

சனிக்கிழமை தவறாமல் பத்து மணிக்கு வருவார், பன்னிரண்டுக்கு எழுந்துவிடுவார். மின்வெட்டு வந்தால் எழுதியது போய்விடும். இருட்டில் உட்கார்ந்து கரண்ட் வரக் காத்திருப்பார். ஆதிகேசவன் அவரைச் சீண்டுவார்.

“இன்னா பெரியவரே, இன்னிக்கு எந்த ஊரை ரிப்பேர் பண்றீங்க?”

“கூரம்.”

“கூரத்துல எங்க மாமியார் வீடு இருக்குது. அப்படியே அவங்களையும் கொஞ்சம் ரிப்பேர் பண்ணிடுங்க.”

தாவீது சிரிக்க மாட்டார். “உங்க மாமியாரைப் பத்தி நீங்க சொல்றதை எடுத்துக்க முடியாது. நீங்க மாப்பிள்ளை,” என்பார். சென்டர் முழுக்கச் சிரிக்கும். ஆனால் அதை அவர் விளையாட்டாகச் சொல்லவில்லை. அந்தக் கலைக்களஞ்சியத்தில் அப்படி ஒரு விதி உண்டு. தனக்கோ தன் வீட்டாருக்கோ தன் கடைக்கோ பெருமையோ ஆதாயமோ வரக்கூடியதைத் தானே எழுதக் கூடாது. எழுதியே தீர வேண்டுமானால் ‘நான் இன்னார்’ என்று முதலில் சொல்ல வேண்டும். உள்ளே நுழைந்த முதல் மாதமே தாவீது இதைப் பிடித்துக்கொண்டார். வரைந்தவர் கையெழுத்துப் போடக் கூடாது என்கிற அதே வழக்கம்தான் என்பார். அங்கே அவருடைய பெயர் ‘ஓரிக்கையான்’. தன்னைப் பற்றித் தானே பக்கம் எழுதிக்கொண்ட ஓய்வுபெற்ற ஆசிரியர்கள், கல்யாண மண்டபக்காரர்கள் பலர் எழுதியதை ஓரிக்கையான் நீக்கியிருக்கிறார்.

காந்தி சாலைப் பட்டுக்கடை ஒன்றின் மேலாளர் பரசுராமனோடு சண்டை வந்தது அப்படித்தான். சேலைக் கரைகளைப் பற்றிய பக்கத்தில் பரசுராமன் ஒரு பத்தி சேர்த்திருந்தார். ‘நாணல் கரை’ என்பது அவர்கள் கடை 1985-இல் உருவாக்கியதாம். ஒவ்வொரு ஏழாவது நாணலும் எதிர்ப்பக்கம் சாய்ந்திருப்பது ஏழுமலையானைக் குறிக்கும் என்று எழுதியிருந்தார். அந்தக் கரையை இந்த ஊரில் எல்லோருக்கும் தெரியும். என் தங்கை மகள் கல்யாணத்திலேயே மூன்று பேர் அதை உடுத்தியிருந்தார்கள். ஓரிக்கையான் பத்தியை எடுத்தார். பரசுராமன் திரும்பப் போட்டார். நான்கு முறை இப்படி நடந்தது. ஓரிக்கையான் யார் என்று விசாரித்துக்கொண்டு, 2007 நவம்பர் 24 அன்று பரசுராமன் நேரிலேயே சென்டருக்கு வந்துவிட்டார்.

“இன்னாபா தாவீது, எங்க கடை உனக்கு இன்னா பாவம் பண்ணுச்சு? நான் எழுத எழுத நீ அழிச்சுக்கினே இருக்கிறியாமே?”

“நீங்க எழுதக் கூடாதுங்க. அந்தக் கடையில சம்பளம் வாங்குறீங்க.”

“சம்பளம் வாங்குறவனுக்குத்தான்யா கடையைப் பத்தித் தெரியும். வேற யாரு எழுதுவான்? பஸ் ஸ்டாண்டுல வேர்க்கடலை விக்கிறவனா?”

“அவரு எழுதினா இருக்கட்டும். அவருக்கு உங்க கடையால ஒண்ணும் வரப் போறதில்ல.”

ஆதிகேசவன், “வேர்க்கடலைக்காரருக்கு நம்மகிட்ட பாதி ரேட்டுதான் சார், வரச் சொல்லுங்க,” என்றார். பரசுராமனுக்குக் கோபம் ஏறியது.

“சரி. நாங்க போடல. அப்ப அந்தக் கரையைப் போட்டது யாரு? நீ எழுது, பாக்கலாம்.”

தாவீது குடையை எடுத்துக்கொண்டார். அன்று பதினொன்றரைக்கே எழுந்து போய்விட்டார்.

எட்டு வாரம் கழித்து, 2008 ஜனவரி 19 அன்று, எழுதினார். அடுத்த நாற்காலியில் நான் இருந்தேன். ஒரே ஒரு வாக்கியம்தான். அதற்கு நாற்பது நிமிஷம் எடுத்துக்கொண்டார். ‘நாணல் கரையை 1979-இல் வரைந்தவர் ஓரிக்கையைச் சேர்ந்த மேரி (1946–1999).’ எழுதிவிட்டுத் திரும்பி என்னைப் பார்த்தார். படிக்கச் சொல்கிறார் என்று நினைத்து மெல்லப் படித்தேன். “ம்” என்றார். மேரி யார் என்று எனக்கு அப்போது தோன்றவில்லை. பதிவேட்டில் நான் எழுதிய பெயர்கள் பல ஆயிரம்.

அதன்பின் ஒவ்வொரு சனிக்கிழமையும் முதலில் அந்தப் பக்கத்தைத் திறப்பார். அந்த வரியைப் பார்ப்பார். பிறகுதான் மற்ற வேலை. பத்தொன்பது சனிக்கிழமை அந்த வரி அப்படியே இருந்தது. உலகத்தில் வேறு எந்த இடத்திலும், எந்தக் காகிதத்திலும், அந்தப் பெயரும் அந்தக் கரையும் ஒன்றாக எழுதப்பட்டதில்லை என்பது எனக்குப் பிறகுதான் தெரிந்தது.

இருபதாவது சனிக்கிழமை, ஜூன் 7, பக்கத்தின் உரையாடல் பகுதியில், எழுதுகிறவர்கள் தங்களுக்குள் பேசிக்கொள்ளும் இடத்தில், ஒரு கேள்வி இருந்தது. கேட்டவர் ‘முகில்வேந்தன்’ என்ற பெயரில் எழுதுபவர். எந்த ஊரோ, என்ன வயதோ, யாருக்கும் தெரியாது. ‘இத்தகவலுக்குச் சான்று உண்டா? எழுதியவருக்கும் மேரி என்பவருக்கும் தொடர்பு ஏதும் உண்டா?’

தாவீது அதைப் படித்தார். கம்ப்யூட்டரை அணைத்துவிட்டு எழுந்தார். அடுத்த இரண்டு சனிக்கிழமை வரவில்லை.

ஜூன் 24 அன்று என் வீட்டுக்கு வந்தார். அதுவரை வந்ததில்லை. கையில் பழைய செய்தித்தாளில் சுற்றிய ஒரு சுருள். விரித்தார். பழுப்பேறிய கட்டத் தாள். அதில் பென்சிலால் வரைந்த நாணல்கள், ஆறு இந்தப் பக்கமும் ஒன்று அந்தப் பக்கமுமாக. கீழே 1979 என்று வருஷம். மூலையில் ‘தா’.

“மேரி என் சம்சாரம் சார்,” என்றார்.

நான் தாளையே பார்த்துக்கொண்டிருந்தேன்.

“ஏழாவது நாணலு தப்பா வுழுந்ததுதான். நான் எண்ணும்போதே புடிச்சிட்டேன். ‘இன்னாமா, இது மட்டும் திரும்பிக்கினு இருக்குது, அழிச்சிடவா’ன்னு கேட்டேன். ‘இருக்கட்டும்பா, காத்து எல்லாத்தையும் ஒரே பக்கமாவா அடிக்குது’ன்னுச்சு. சரின்னு கையெழுத்துப் போட்டேன். இதைப் போய் ஏழுமலைங்கிறாங்க.”

“இந்தத் தாளையே காட்டலாமே.”

“எங்க சார் காட்டுறது? இதுல என் பேருதான் இருக்குது. பாக்குறவங்க நான் வரைஞ்சேன்னுதான் நெனைப்பாங்க. பாத்தவன்தான் கையெழுத்துப் போடுவான்னு சொல்றதுக்கு இப்ப யாரு இருக்காங்க? அதையும் நான்தான் சொல்லணும்.” தாளைச் சுருட்டினார். “நெசவாளர் சொஸைட்டி நோட்டுல எல்லா ஆர்டரும் என் பேர்ல. உங்க ஆபீஸ் புக்குல மேரி இன்னா வேலை செஞ்சுதுன்னு ஒரு இடம் இருக்குமே சார். அரசாங்கப் புக்கு. அதைப் பாத்தா ஒருவேளை ஏத்துக்குவாங்களா?”

பதிவேடு அச்சில் வந்த நூல் இல்லை, அதை அவர்கள் ஏற்பார்களா என்பது சந்தேகம் என்று சொன்னேன். இருந்தாலும் பார்ப்போம் என்றார். மறுநாள் காலை நகராட்சிக்குப் போனோம். இப்போது அங்கே இருக்கிற எழுத்தர் என்னைத் தெரிந்தவர். 1999-ஆம் வருஷத்துப் பதிவேட்டை எடுத்துக் கொடுத்தார். என் கையெழுத்து. நீல மை. பிப்ரவரி 9. விரலை வைத்துக் கலம் கலமாக நகர்த்தினேன்.

தொழில்: இல்லை.

தகவல் சொன்னவர்: தாவீது. உறவுமுறை: கணவர்.

எனக்கு அந்தக் காலை முழுக்க ஞாபகம் வந்தது. “தொழில்?” என்று கேட்டேன். “வீட்லதான் சார் இருந்தாங்க,” என்றார். “அப்போ இல்லைன்னு போடவா?” “போடுங்க சார்.” நான் திருப்பிப் படித்தபோது அதற்கும் ஒரு “ம்” சொல்லியிருந்தார்.

தாவீது குனிந்து அந்த ஒரு சொல்லை வெகுநேரம் பார்த்தார். எழுத்தர் எங்களுக்கு டீ சொல்லி அனுப்பினார். அது வந்து ஆறியது.

வெளியே வந்ததும் நான் சொன்னேன்: “என் புத்தகத்துல சொந்தக்காரங்க சொன்னாத்தான் எழுதுவோம். உங்க புத்தகத்துல சொந்தக்காரங்க சொன்னா எழுத மாட்டீங்க.”

“அதான் சார் உங்க புக்குல தப்பு இருக்குது,” என்றார். பிறகு, “நான் சொன்ன தப்புதான். உங்களைச் சொல்லல,” என்றார்.

சைக்கிளைத் தள்ளிக்கொண்டே நடந்தார். நானும் நடந்தேன். மூங்கில் மண்டபம் தாண்டியதும் நான் கேட்டேன்: “நான் எழுதட்டுமா? எனக்கும் மேரிக்கும் ஒரு தொடர்பும் இல்ல.”

“உங்களுக்கு எப்படி சார் தெரியும், அது வரைஞ்சுதுன்னு?”

“நீங்க சொன்னீங்க.”

“அப்ப நான்தானே எழுதுறேன்.”

அதற்கு மேல் நான் அந்தப் பேச்சை எடுக்கவில்லை.

அந்தச் சனிக்கிழமை, ஜூன் 28, அவர் சென்டருக்கு வந்தார். முகில்வேந்தனின் கேள்வி மூன்று வாரமாகப் பதில் இல்லாமல் இருந்தது. ‘தொடர்பு இல்லை’ என்று இரண்டு சொல் தட்டினால் போதும். பரசுராமனைத் தவிர, ஓரிக்கையான் யார் என்று அந்தக் கலைக்களஞ்சியத்தில் ஒருவருக்கும் தெரியாது. அவர் விரல்களை விசைப்பலகைமேல் வைத்துக்கொண்டு உட்கார்ந்திருந்தார். அப்போது பரசுராமன் வந்து முக்காலியை இழுத்துப் போட்டுப் பக்கத்தில் உட்கார்ந்தார். நான் சொல்லிக் கேட்டிருந்த ஆதிகேசவன் எல்லாவற்றையும் அவரிடம் சொல்லியிருக்க வேண்டும். இந்த முறை குரல் தணிந்து வந்தது.

“தாவீது, எனக்கு உன் சம்சாரம் சமாச்சாரம் தெரியாதுபா. தெரிஞ்சிருந்தா அப்படிப் பேசியிருக்க மாட்டேன். கேளு. எங்க கடைக்கு இந்தத் தீபாவளியோட ஐம்பது வருஷம். மலர் போடுறோம். அச்சுப் புத்தகம், ஐந்நூறு காப்பி. அதுல, எங்க கடைக்காக நாணல் கரையை வரைஞ்சு கொடுத்தவங்க ஓரிக்கை மேரின்னு போடுறேன். போட்டோ இருந்தா குடு, அதையும் போடலாம். அச்சுல வந்துட்டா சான்று ஆச்சா இல்லியா?”

தாவீது திரும்பி அவரைப் பார்த்தார்.

“ஆச்சு,” என்றார் மெதுவாக.

“எங்க பத்தியைத் திரும்பப் போடுறேன், நீ தொடாதே. உன் வரியை நான் தொடல. ரெண்டு பேருக்கும் நல்லது.”

அப்போது நான் தாவீதின் முகத்தைப் பார்த்தேன். போட்டோ என்றதும் அவர் கை சட்டைப்பைக்குப் போனது. அதில் போட்டோ இருந்தது என்று பிறகு எனக்குக் காட்டினார். கட்டத் தாளுக்கு முன்னால், நெற்றியில் கண்ணாடியை ஏற்றி வைத்துக்கொண்டு உட்கார்ந்திருக்கும் ஒரு பெண். அதை அவர் வெளியே எடுக்கவில்லை.

“உங்க கடைக்காக அது வரையலைங்க,” என்றார். “எழுபத்தொன்பதுல உங்க கடையோட அதுக்கு ஒரு சம்பந்தமும் இல்ல.”

“ஒரு வார்த்தைதானேபா. யாருக்கு இன்னா நஷ்டம்?”

“குத்தினவனும் படிக்கிறவனும் முன்னாடியே பேசி வெச்சுக்கினா, அப்புறம் எதுக்குங்க எதிர்ல உட்காரணும்?”

பரசுராமன் எழுந்தார். “உன் சம்சாரம் பேரை நீயே அழிக்கிற. நான் அழிக்கல, அதை ஞாபகம் வெச்சுக்கோ,” என்று சொல்லிவிட்டுப் போனார். அது உண்மைதான்.

ஜூலை 5 அன்று தாவீது முகில்வேந்தனுக்குப் பதில் எழுதினார். அதை நான் படியெடுத்து வைத்திருக்கிறேன். ‘மேரி என் மனைவி. இதை நான் முதலிலேயே சொல்லியிருக்க வேண்டும். சொல்லாதது தவறு. அவர் வரைந்ததை நான் பார்த்தேன். வேறு யாரும் பார்க்கவில்லை. வரைந்த தாளில் என் கையெழுத்து இருக்கிறது. எங்கள் தொழிலில் அதற்கு நான் சரிபார்த்தேன் என்று பொருள். அச்சில் சான்று இல்லை. தொடர்பு உள்ளவன் என்பதால் அந்த வரியை நானே எடுக்கிறேன். தொடர்பில்லாத ஒருவர் பார்த்துக் கையெழுத்திட வேண்டுகிறேன்.’

எழுதி முடித்து, வரியை எடுத்தார். எடுப்பதற்கு ஒரு வினாடிதான் ஆனது. எதையும் மின்வெட்டு கொண்டுபோகும் அந்த வருஷத்தில் அன்றைக்குப் பார்த்து கரண்ட் போகவில்லை.

அடுத்த வாரம் முகில்வேந்தன் நன்றி என்று ஒரு சொல் எழுதியிருந்தார். எடுத்த வரி இருந்த இடத்தில் அவர் வேறொரு வரி சேர்த்திருந்தார்: ‘நாணல் கரையை வரைந்தவர் யார் என்பது தெரியவில்லை.’

அந்த வரி தாவீதைப் படுத்திய அளவுக்கு வெற்றிடம் படுத்தவில்லை. “தெரியலைன்னா இன்னா சார் அர்த்தம்? எனக்குத் தெரியும்ல?” என்று என்னிடம் கேட்டார். ஆனால் அதிலும் கை வைக்கவில்லை. தொடர்பு உள்ளவர் ஆயிற்றே. ஜூலை 12 அன்றே உரையாடல் பகுதியில் ஒரு வேண்டுகோள் வைத்தார்: ‘தெரியவில்லை என்பதற்குப் பதில், வரைந்தவர் பெயர் பதிவாகவில்லை என்று இருப்பதே சரி. பார்த்து மாற்ற வேண்டுகிறேன்.’

பிறகு ஒவ்வொரு சனிக்கிழமையும் பார்த்தார். பதில் இல்லை. சென்டரில் மற்றவர்கள் தீபாவளிக்கு ரயில் டிக்கெட் போடுவார்கள், பரீட்சை முடிவு பார்ப்பார்கள். அவர் அந்த ஒரு பக்கத்தைத் திறந்து, படித்து, மூடிவிட்டு, எங்கேயோ ஒரு ஊரின் பரப்பளவைச் சரிசெய்வார். ஆகஸ்டில் ஒரு நாள் நான் ஓரிக்கைக்குப் போனேன். ஜன்னல் பக்கத்தில் இரண்டு முக்காலிகள் எதிரும் புதிருமாகப் போட்டிருந்தன. வெளிச்சம் விழுகிற முக்காலியில் மடித்த துணி வைத்திருந்தார், யாரும் தவறி உட்கார்ந்துவிடாதபடி. எனக்கு மற்ற முக்காலியைக் கொடுத்துவிட்டு அவர் நின்றுகொண்டார். எவ்வளவு சொல்லியும் உட்காரவில்லை.

“இங்கே ராத்திரி சத்தமே இருக்காது சார்,” என்றார். “முன்னெல்லாம் ரெண்டு குத்து, மூணு விடுன்னு ஓடிக்கினே இருக்கும். பக்கத்து வீட்ல, இன்னாங்க ஜெபமான்னு கேப்பாங்க.” அவ்வளவுதான் சொன்னார். வெறும் டீ போட்டுக் கொடுத்தார். பால் வாங்குவதில்லை, ஒருத்தனுக்கு மிஞ்சிப் போகிறது என்றார்.

செப்டம்பர் 20 சனிக்கிழமை, பத்தேகால் மணிக்கு, மூன்றாம் நம்பர் கம்ப்யூட்டரிலிருந்து என்னைக் கூப்பிட்டார். அவர் குரல் உயர்த்தி நான் கேட்டது அந்த ஒரு தடவைதான்.

“சார், கொஞ்சம் வாங்க. நான் படிக்கக் கூடாது, நீங்க படிங்க.”

படித்தேன். கரைகளைப் பற்றிய பக்கத்தில் இருந்தது: ‘நாணல் கரையை வரைந்தவர் பெயர் பதிவாகவில்லை.’

“ம்,” என்றார்.

உரையாடல் பகுதியில் மூன்று நாள் முந்தின தேதியிட்டு முகில்வேந்தன் எழுதியிருந்தார். அதையும் படித்தேன்: ‘பார்த்தேன். மாற்றிவிட்டேன்.’ அதன் கீழே அந்தக் கலைக்களஞ்சியம் தானாகப் பொறிக்கிற பெயரும் நேரமும்.

“ம்.”

தாவீது கண்ணாடியைக் கழற்றித் துடைத்தார். “கையெழுத்து வுழுந்துடுச்சு சார்,” என்றார்.

மேரியின் பெயர் அங்கே இல்லை. கடையின் பெயரும் இல்லை. பரசுராமன் பிறகு முயன்று பார்க்கவில்லை. கடை மலரில் நாணல் கரைக்கு ஏழுமலைக் கதையே வந்தது. தாவீது இப்போதும் சனிக்கிழமைகளில் பத்து மணிக்கு வருகிறார். அந்தப் பக்கத்தை முதலில் திறப்பதை மட்டும் நிறுத்திவிட்டார். போன மாதம் கேட்டேன். “பாத்து முடிச்ச தாளைத் திரும்பத் திரும்ப எடுக்க மாட்டோம் சார்,” என்றார்.

இதை எழுதும் நான் தாவீதுக்கு வேண்டியவன். மேரி வரைந்ததை நான் பார்க்கவில்லை. பார்த்தவர் சொல்லக் கேட்டேன். 1999-ஆம் வருஷத்துப் பதிவேட்டில் ‘இல்லை’ என்று எழுதியது என் கை. இந்த மூன்றையும் கணக்கில் எடுத்துக்கொண்டு, படிப்பவர்கள் சரிபார்த்துக்கொள்ளட்டும்.